பி.வோக். படிப்பில் தம்பியைச் சேர்க்கலாமா? அனுபவமுள்ளவர்கள் வழிகாட்டுங்கள்

கேள்வி: தருமபுரி_அக்கா

அனைவருக்கும் வணக்கம். என் தம்பி இந்த ஆண்டு பன்னிரண்டாம் வகுப்பில் 600க்கு 421 மதிப்பெண் எடுத்துத் தேறியிருக்கிறான். வீட்டிலிருந்து ஒரு மணி நேரப் பேருந்துத் தொலைவில் உள்ள கலை அறிவியல் கல்லூரி ஒன்றில் இரண்டு பாடப்பிரிவுகளில் இடம் கிடைக்கும் என்று சொல்லிவிட்டார்கள். ஒன்று பி.எஸ்சி. வேதியியல், மற்றது தொழிற்கல்விப் பிரிவான பி.வோக். உணவு பதப்படுத்துதல். வரும் திங்கட்கிழமைக்குள் முடிவெடுத்துக் கட்டணம் கட்ட வேண்டும்.

எங்கள் அப்பா மாந்தோப்புகளைக் குத்தகைக்கு எடுத்துக் காய் இறக்கி விற்பவர். பெங்களூரா மாங்காய் அமோகமாகக் காய்த்த ஆண்டுகளில், மாங்கூழ் ஆலை வாசலில் இரவெல்லாம் லாரியோடு காத்துக் கிடந்து, அவர்கள் சொன்ன விலைக்கே கொட்டிவிட்டு வருவார். தம்பி அதைச் சிறு வயதிலிருந்தே பார்த்து வளர்ந்தவன். அந்த வாசலுக்கு உள்ளே என்ன நடக்கிறது என்று படித்துத் தெரிந்துகொள்ள வேண்டும் என்கிறான். எனக்கும் அந்த ஆசை பிடித்திருக்கிறது. ஆனால் 'தொழிற்கல்வி' என்ற சொல்லைக் கேட்டதுமே அப்பா, "ஐ.டி.ஐ. மாதிரியா? அதற்கு எதற்குக் கல்லூரி?" என்று கேட்கிறார். உறவினர்களோ, இது பட்டமே இல்லை, டிப்ளமாதான் என்று உறுதியாகச் சொல்கிறார்கள்.

நான் ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்கிறேன். கட்டணம் என் சம்பளத்திலிருந்துதான் போக வேண்டும் என்பதால் தயக்கம் அதிகமாக இருக்கிறது. இது முறையான இளநிலைப் பட்டம்தானா? வங்கித் தேர்வு, டி.என்.பி.எஸ்.சி. எழுத முடியுமா? மேற்படிப்புக்கு வழி உண்டா? படித்து முடித்தவர்கள் உண்மையில் எங்கே இருக்கிறார்கள்? தெரிந்தவர்கள் மறைக்காமல் சொன்னால் நன்றியுடையவளாக இருப்பேன்.

பதில்: பாடவேளை

வணக்கம் சகோதரி. வேறொரு மாவட்டத்தில் பி.வோக். துறையில் எட்டு ஆண்டுகளாகப் பாடம் நடத்தி வருகிறேன். உங்கள் உறவினர்களின் ஐயத்தை முதலில் தீர்த்துவிடுகிறேன். பேச்சலர் ஆஃப் வொகேஷன் என்பது பல்கலைக்கழக மானியக் குழு 2014ஆம் ஆண்டில் தன் பட்டங்களின் பட்டியலில் சேர்த்துக்கொண்ட முழுமையான மூன்றாண்டு இளநிலைப் பட்டம். டிப்ளமா என்ற குழப்பம் எங்கிருந்து வருகிறது என்றால், அந்தத் திட்டம் வகுக்கப்பட்டபோதே, முதல் ஆண்டோடு நிறுத்துபவருக்கு டிப்ளமா, இரண்டாம் ஆண்டோடு நிறுத்துபவருக்கு மேல்நிலை டிப்ளமா, மூன்று ஆண்டும் முடிப்பவருக்குப் பட்டம் என்று மூன்று வாசல்கள் வைத்திருந்தார்கள். குடும்பச் சூழலால் இடையில் நிற்க நேரும் பிள்ளை வெறுங்கையோடு போகக் கூடாது என்பதே அதன் நோக்கம். இதை நான் இந்தப் படிப்பின் மிக நல்ல கூறாகவே கருதுகிறேன். என் வகுப்பில் தந்தையை இழந்து இரண்டாம் ஆண்டோடு நின்ற ஒரு மாணவி, அந்த மேல்நிலை டிப்ளமாவைக் காட்டித்தான் ஓர் அடுமனை நிறுவனத்தில் சேர்ந்தாள்.

பாட அமைப்பையும் தெரிந்துகொள்ளுங்கள். ஒவ்வொரு பருவத்துக்கும் (செமஸ்டர்) 30 மதிப்பலகு (கிரெடிட்). அதில் 12 பொதுப் பாடங்களுக்கு, 18 தொழில்திறனுக்கு. ஆறு பருவங்களுக்கும் சேர்த்து 180இல் 108 செய்முறை சார்ந்தவை. அதாவது, அறுபது விழுக்காடு படிப்பு கரும்பலகைக்கு வெளியே நடந்தாக வேண்டும். நடக்கிறதா என்பதுதான் நீங்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி. ஏனென்றால் ஆய்வகத்துக்கும் பயிற்றுநருக்கும் பணம் ஒதுக்காத இடங்களில் அந்த 108 மதிப்பலகும் குறிப்பேடு எழுதியே கழிந்துவிடுகின்றன.

போட்டித் தேர்வுகளைப் பொறுத்தவரை, 'ஏதேனும் ஒரு பட்டம்' என்று அறிவிக்கை சொல்லும் இடங்களில் தடை இல்லை. வங்கித் தேர்வு, டி.என்.பி.எஸ்.சி. குரூப் 1, குரூப் 2 போன்றவை இந்த வகை. பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்பு, அதன் பின் மூன்றாண்டுப் பட்டம் என்ற வரிசை உங்கள் தம்பிக்குச் சரியாக அமைந்திருப்பதால் அதிலும் சிக்கல் வராது. எந்தப் பட்டதாரியும் சேரலாம் என்றிருக்கும் எம்.பி.ஏ. போன்ற முதுநிலைப் படிப்புகளுக்கும் இது பொருந்தும்.

சிக்கல் வருவது பாடத்தின் பெயரைக் குறிப்பிட்டுக் கேட்கும் இடங்களில். ஓர் எடுத்துக்காட்டுச் சொல்கிறேன். உணவுப் பாதுகாப்பு அலுவலர் பணிக்கு 2011ஆம் ஆண்டு விதிகள் உணவுத் தொழில்நுட்பம், பால் தொழில்நுட்பம், உயிரித் தொழில்நுட்பம், உயிர்வேதியியல், நுண்ணுயிரியல் என்று பட்டங்களைப் பெயர் சொல்லி வரிசைப்படுத்துகின்றன. வேதியியல் என்றால் முதுநிலைப் பட்டம் வேண்டும். 'உணவு பதப்படுத்துதல்' என்று பட்டச் சான்றிதழில் அச்சிட்டிருந்தால் அதை 'உணவுத் தொழில்நுட்பம்' என்று ஏற்பார்களா என்ற கேள்வி எழும். படித்தது ஏறத்தாழ ஒன்றே என்று நாம் வாதாடிக்கொண்டு நிற்க வேண்டியிருக்கும். ஆகவே சான்றிதழில் பாடத்தின் பெயர் எப்படி அச்சாகும் என்று சேரும் முன்பே எழுத்தில் கேட்டு வாங்குங்கள். பி.எட். படித்துப் பள்ளி ஆசிரியராகும் எண்ணம் இருந்தால் வேதியியலில் சேர்ப்பதே நேர்வழி.

தம்பி ஆறு முதல் பன்னிரண்டு வரை அரசுப் பள்ளியில் படித்தவராக இருந்தால், தமிழ்ப் புதல்வன் திட்டத்தின் மாதம் 1,000 ரூபாய்க்குக் கல்லூரி வழியாக விண்ணப்பிக்கவும் மறக்க வேண்டாம்.

பதில்: கூழும்_குடுவையும்

நான் இதே பாடப்பிரிவில் 2019இல் பட்டம் பெற்றவன். எந்தக் கல்லூரி என்று சொல்ல விரும்பவில்லை, காரணம் கீழே புரியும்.

எங்கள் மூன்றாம் பருவத்தில் தொழிலகப் பயிற்சி என்று ஒன்று இருந்தது. மாணவர்கள் நாற்பது பேரில் பெரும்பாலோருக்கு அது ஒரு தாளில் வாங்கிய முத்திரையாகவே முடிந்தது. கல்லூரி ஒப்பந்தம் செய்திருந்ததாகச் சொன்ன நிறுவனத்துக்கு நாங்கள் போனபோது வாயிற்காவலரைத் தாண்ட முடியவில்லை. துறையில் முறையிட்டோம், அறிக்கையை எழுதிக் கொடுங்கள், கையொப்பம் வாங்கித் தருகிறோம் என்றார்கள். அந்த வருத்தம் இன்றும் எனக்கு ஆறவில்லை. நாங்கள் கட்டிய கட்டணத்தில் பெரும்பகுதி அந்தப் பயிற்சிக்கானது என்றுதான் எங்கள் பெற்றோர் நம்பியிருந்தார்கள்.

நான் தப்பித்தது என் மாமா ஒருவர் கிருஷ்ணகிரி பக்கம் மாங்கூழ் ஆலைக்குப் பழம் ஏற்றுபவராக இருந்ததால். மாங்காய்ப் பருவத்தில் நாற்பத்தைந்து நாள் அங்கே நின்றேன். பழுக்கவைக்கும் அறையில் எத்திலீன் வாயுவை எவ்வளவு விடுவது, கார்பைடு கல் ஏன் தடைசெய்யப்பட்டது, கொட்டை நீக்கும் இயந்திரத்தில் இடைவெளி சரியாக இல்லாவிட்டால் கொட்டை நொறுங்கிக் கூழ் எப்படிக் கசக்கும் என்பதெல்லாம் அங்கேதான் புரிந்தன. ஒரு நாள் இரவு ஷிப்டில் பிரிக்ஸ், அதாவது கூழில் கரைந்த சர்க்கரையின் அளவு, பார்க்கும் கருவியில் கூழைச் சொட்டிப் பார்த்தேன். 13க்கும் கீழே காட்டியது. பெங்களூரா கூழுக்கு வாங்குபவர் 14 கேட்டிருந்தார். பதறிப்போய் மேற்பார்வையாளரிடம் ஓடினேன். அவர் என் கையிலிருந்த கரண்டியைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "கூழு சுடுது தம்பி, ஆறவச்சிப் பாரு" என்றார். சூடாக இருந்தால் அளவு குறைவாகக் காட்டும் என்று பாடத்தில் படித்துத் தேர்வும் எழுதியிருந்தேன். ஆனாலும் கை சுட்டபோதுதான் அது மனத்தில் ஏறியது. ஆறியபின் 14க்குச் சற்று மேலேயே இருந்தது.

பட்டம் முடித்ததும் பட்டதாரித் தொழிற்பழகுநராக (அப்ரண்டிஸ்) ஓராண்டு ஒரு பழச்சாறு நிறுவனத்தில் இருந்தேன். பட்டதாரிகளுக்குக் குறைந்தது மாதம் 9,000 ரூபாய் உதவித்தொகை என்று 2019 திருத்தத்தில் வரையறுத்திருந்தார்கள்; அதில் பாதியை ஒன்றிய அரசு அப்போது நிறுவனத்துக்குத் திருப்பித் தந்தது. சென்னை தரமணியில் உள்ள தொழிற்பழகுநர் பயிற்சி வாரியம்தான் தென் மாநிலங்களுக்கு இதைக் கவனிக்கிறது. பதிவு இணையத்திலேயே முடிந்துவிடும். அந்த ஓராண்டு முடிந்ததும் அதே நிறுவனத்தில் தரக்கட்டுப்பாட்டுப் பிரிவில் 14,000 ரூபாய்க்குச் சேர்ந்தேன். இன்று ஷிப்டுப் பொறுப்பாளராக இருக்கிறேன். என்னோடு படித்தவர்களில் இத்துறையிலேயே நிலைத்தவர்கள் குறைவு. பலர் கிடைத்த வேலைக்குப் போய்விட்டார்கள். இருவர் வங்கியில் இருக்கிறார்கள். தம்பிக்கு ஆர்வம் உண்மையானது என்றால் சேருங்கள், ஆனால் பயிற்சிக்கான நிறுவனத்தைக் கல்லூரி பார்த்துக்கொள்ளும் என்று காத்திருக்க வேண்டாம். உங்கள் அப்பாவுக்கு ஆலை வாசல்கள் தெரியும். அதைவிடப் பெரிய அறிமுகம் என் வகுப்பில் எவருக்கும் இருந்ததில்லை.

பதில்: தரம்_முதலில்

உணவுத் தொழிற்சாலை ஒன்றில் தரப் பிரிவுக்குத் தலைமை ஏற்று ஆள் எடுப்பவன் என்ற முறையில் சிலவற்றைச் சொல்ல வேண்டும் என்று தோன்றுகிறது. மேலே எழுதிய தம்பியின் அனுபவத்தை மதிக்கிறேன், ஆனால் முழுவதும் உடன்பட முடியவில்லை.

நேர்காணலில் பி.வோக். படித்தவரையும் பி.எஸ்சி. வேதியியல் படித்தவரையும் அடுத்தடுத்துப் பார்த்திருக்கிறேன். நன்றாகப் பயிற்சி பெற்ற பி.வோக். மாணவர் முதல் வாரத்திலேயே இயந்திரத்தின் அருகில் நின்று வேலை பார்ப்பார். தூய்மை விதிகளை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. வேதியியல் மாணவருக்கு அந்த இடத்துக்கு வர ஓராண்டு ஆகும். ஆனால் ஐந்து ஆண்டுகள் கழித்துப் பார்த்தால், ஆய்வகப் பகுப்பாய்வு முறைகளைப் புதிதாக வகுக்கவும், தணிக்கையாளர் கேட்கும் கேள்விக்கு அடிப்படையிலிருந்து விடை சொல்லவும் முடிந்தவர், பெரும்பாலும் வேதியியலோ நுண்ணுயிரியலோ ஆழமாகப் படித்தவராகவே இருக்கிறார். பி.வோக். மாணவர்கள் ஷிப்டுப் பொறுப்பாளர் நிலைக்கு விரைவாக வந்து அங்கேயே நின்றுவிடுவதை என் கண்ணால் பார்க்கிறேன். இதில் குறை அவர்களுடைய திறமையில் இல்லை. அவர்களுக்குப் பொதுப் பாடங்களைக் கற்பித்த விதத்தில் இருக்கிறது. அந்த 12 மதிப்பலகில் வேதியியலும் நுண்ணுயிரியலும் எத்தனை, ஆங்கிலமும் கணினியும் எத்தனை என்று பாடத்திட்டத்தை வாங்கிப் பாருங்கள். அறிவியல் இரண்டு பருவத்தோடு முடிந்துவிடும் பாடத்திட்டமாக இருந்தால் நான் வேதியியலையே பரிந்துரைப்பேன்.

இன்னொன்று. துறைசார் திறன் மன்றத்தின் (செக்டர் ஸ்கில் கவுன்சில்) மதிப்பீட்டுச் சான்றிதழ் ஒவ்வோர் ஆண்டும் உண்மையாகவே மாணவர் கைக்கு வந்திருக்கிறதா என்று மூத்த மாணவர்களிடம் கேளுங்கள். பட்டத்தோடு அந்தச் சான்றிதழும் இருக்கும் பிள்ளைக்கு எங்களைப் போன்ற இடங்களில் ஒரு படி முன்னுரிமை உண்டு.

பதில்: பாடவேளை

ஐயா சொல்வது நியாயமானது. ஷிப்டுப் பொறுப்பாளர் நிலையிலேயே நின்றுவிடும் என் பழைய மாணவர்களை நினைத்து நானும் கவலைப்பட்டிருக்கிறேன். ஆனால் ஒன்றைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். வேதியியல் படித்துவிட்டு ஆய்வகத்தின் பக்கமே போகாமல் விற்பனை வேலைக்குப் போன பிள்ளைகளும் எங்கள் ஊரில் ஏராளம். வேலையில் நிலைத்த பின் முதுநிலைப் படிப்பைத் தொடரும் பி.வோக். மாணவர் அந்த இடத்தைக் கடந்துவிடுகிறார். சேரும்போதே அந்த எண்ணத்தைத் தம்பி மனத்தில் விதைத்துவிடுங்கள், சகோதரி.

பதில்: தருமபுரி_அக்கா

நேரம் ஒதுக்கி எழுதிய மூவருக்கும் மனமார்ந்த நன்றி. சனிக்கிழமை விடுப்பு எடுத்துக்கொண்டு அப்பாவையும் தம்பியையும் அழைத்துக்கொண்டு கல்லூரிக்குப் போய்வந்தேன்.

துறைத் தலைவர் அம்மா பாடத்திட்டத்தை முழுவதுமாகக் கையில் கொடுத்தார்கள். நான்கு பருவங்களில் வேதியியலும் நுண்ணுயிரியலும் இருக்கின்றன. சான்றிதழில் பாடத்தின் பெயர் 'உணவு பதப்படுத்துதல்' என்றுதான் வரும் என்று ஒளிக்காமல் எழுதியே கொடுத்தார்கள். பிறகு ஆய்வகத்தைப் பார்க்க வேண்டும் என்று கேட்டோம். கூழ் பிழியும் இயந்திரமும் உலர்த்தியும் இருந்தன. உலர்த்தியின் மேல் வாங்கி வந்த நாளில் சுற்றியிருந்த பிளாஸ்டிக் உறை இன்னும் பிரிக்கப்படாமல் இருந்தது. மும்முனை மின் இணைப்பு வரவில்லை, அடுத்த பருவத்துக்குள் வந்துவிடும் என்றார்கள். கூழ் பிழியும் இயந்திரம் அப்படி இல்லை. அதன் சல்லடை ஓரத்தில் காய்ந்த தக்காளித் தோல் ஒட்டியிருந்தது. பக்கத்தில் தொங்கிய பதிவேட்டில் ஏப்ரல் வரை தேதி வாரியாக மாணவர்களின் கையெழுத்து இருந்தது. அப்பா அந்தச் சல்லடையை விரலால் தடவிப் பார்த்துவிட்டு, எங்கள் பக்கத்து ஆலையில் இருப்பதும் இதே மாதிரிதான், இன்னும் பெரியது என்று தம்பியிடம் சொன்னார்.

கட்டணத்தை பி.வோக். பிரிவுக்கே கட்டிவிட்டோம். அடுத்த மாங்காய்ப் பருவத்துக்கு முன் ஆலை மேலாளரிடம் தம்பியைப் பற்றிப் பேசுவதாக அப்பா சொல்லியிருக்கிறார். உலர்த்திக்கு மின் இணைப்பு வந்ததா என்று அடுத்த பருவத்தில் போய்ப் பார்த்துவிட்டு இங்கே எழுதுகிறேன்.