காராக் இறக்கத்தில் கருகல் வாடை: டோ மோட் போட்டும் ஏன்?

செகாம்புட் மண்வேலை:

எல்லாருக்கும் வணக்கம். நான் கோலாலம்பூர் செகாம்புட்ல இருக்கேன், சின்ன அளவுல மண்வேலை காண்ட்ரேக் எடுத்துச் செய்றேன். டீசல் பிக்கப், டபுள் கேப், ஆட்டோ கியர். பின்னால நாலு சக்கர ட்ரெய்லர், அது மேல மினி எக்ஸ்கவேட்டர். பெந்தோங் பக்கம் ஒரு டுரியான் தோட்டத்துல வாய்க்கால் வெட்டுற வேலை கிடைச்சிருக்கு. அதனால மெஷினை ஏத்திக்கிட்டு காராக் நெடுஞ்சாலையில போய்வர வேண்டியிருக்கு.

டோ மோட், அதாவது ட்ரெய்லர் இழுக்கும்போது போடுற கியர் செட்டிங், அதைப் போடாம கோம்பாக் டோல் தாண்டி ஏறினா கியர் ஒரு இடத்துல நிக்கிறதில்லை. மேல போகுது, மூச்சு வாங்குது, உடனே கீழ வருது. மோட் போட்டா அந்தத் தடுமாற்றம் போயிடுது, ஆனா எஞ்சின் 3,000 சுற்றுல கத்திக்கிட்டே ஏறுது. பக்கத்துல உட்கார்ந்து வர்ற மாமா, "இப்படி ஓட்டினா எஞ்சின் தாங்காதுடா"ங்கிறார். உண்மையா?

திரும்பி வரும்போது சுரங்கப்பாதை தாண்டி கோம்பாக் பக்கம் இறங்குறப்ப, பிரேக்கை லேசா மிதிச்சாலே கியர் தானா குறையுது. இது மோட் செய்ற வேலையா, கியர்பாக்ஸ் கோளாறா?

இதையெல்லாம் விட எனக்குப் பெரிய கவலை கருகல் வாடைதான். டோல் நெருங்கும்போது மூக்கைத் துளைக்குது. பிரேக் மிதி கெட்டியாத்தான் இருக்கு. வண்டிக்கு இழுவை 3,500 கிலோன்னு போட்டிருக்கான், மெஷின் 1,700 கிலோ. பாதிதானே? தெரிஞ்சவங்க சொல்லுங்க, அடுத்த வாரம் மறுபடியும் மெஷினை நகர்த்தணும்.

பிறை பட்டறை:

தம்பி, ஒவ்வொன்றாகப் பார்ப்போம். மாமாவிடம் கவலைப்பட வேண்டாம் என்று சொல்லுங்கள். மீட்டரில் சிவப்புக் கோடு எங்கே தொடங்குகிறது என்று காட்டுங்கள், 3,000 அதற்கு வெகு கீழே இருக்கும். பாரத்தோடு ஏறும்போது எஞ்சினை வதைப்பது அதிகச் சுற்று அல்ல. குறைந்த சுற்றில், பெரிய கியரில், மிதியை முக்கால்வாசி அழுத்தி முக்கிக்கொண்டு ஏறுவதுதான் அதை வதைக்கும். சுற்று கூடினால் தண்ணீர் பம்பும் வேகமாகச் சுற்றும், எஞ்சினுக்குக் குளிர்ச்சி கிடைக்கும்.

டோ மோட் செய்வது இதுதான்: மேல் கியருக்குப் போவதைத் தள்ளிப்போடும், கீழ் கியருக்குச் சீக்கிரம் வரும், டார்க் கன்வெர்ட்டரை (எஞ்சின் சுழற்சியை எண்ணெய் வழியாக கியர்பாக்ஸுக்குக் கடத்தும் பாகம்) முடிந்தவரை பூட்டியே வைத்திருக்கும். பூட்டாத கன்வெர்ட்டர் எண்ணெயைக் கடைந்துகொண்டே இருக்கும். அந்தச் சூடு நேரே கியர் ஆயிலுக்குப் போகிறது. ஆட்டோ கியரைக் கொல்வது சூடுதான். கியர் மேலும் கீழும் தாவிக்கொண்டே இருந்தால் ஒவ்வொரு தாவலிலும் கிளட்ச் தகடுகள் வழுக்கி இன்னும் கொஞ்சம் சூடு சேரும்.

இறக்கத்தில் கியர் குறைவது கோளாறு இல்லை. அதற்காகத்தான் அந்த மோட். காலை எடுத்ததும் பெட்ரோல் எஞ்சின் இழுத்துப் பிடிக்கிற மாதிரி டீசல் பிடிக்காது. கியரைக் குறைத்துச் சுற்றை ஏற்றினால்தான் எஞ்சின் வண்டியைத் தாங்கும்.

ஆனால் இழுவைத் திறன் பாதிதான் என்கிறீர்களே, அதில் எனக்குத் திருப்தி இல்லை. 1,700 மெஷின் மட்டும். ட்ரெய்லர், பக்கெட், சங்கிலி, பிக்கப் தொட்டியில் இருக்கிற டீசல் பீப்பாய் எல்லாம் எங்கே போயிற்று? முதலில் எடை போடுங்கள். ட்ரெய்லரில் என்ன பிரேக் இருக்கிறது என்றும் சொல்லுங்கள். பிரேக் இல்லாத ட்ரெய்லர் என்றால் நம்ம ஊர் பிக்கப் பெரும்பாலானவற்றுக்கு வரம்பு 750 கிலோதான். அந்த 3,500 பிரேக் உள்ள ட்ரெய்லருக்கு மட்டும்.

டீசல் மிச்சம்:

இறக்கத்துல நியூட்ரல் போட்டு விட்டுடுங்க பாஸ். 2024 ஜூன்ல டீசலை 3 வெள்ளி 35 காசு ஆக்கினதுல இருந்து நான் இப்படித்தான். எஞ்சினும் கத்தாது, எண்ணெயும் மிச்சம்.

பிறை பட்டறை:

ஐயா, தயவுசெய்து இதை யாருக்கும் சொல்லாதீர்கள். பின்னால் பாரம் இருக்கும்போது நியூட்ரலில் இறங்கினால் மொத்தச் சுமையையும் பிரேக் தகடு மட்டுமே தாங்க வேண்டும்.

கணக்குப் பாருங்கள். 5 டன் வண்டி 100 மீட்டர் உயரம் இறங்கினால் வெளியேறும் ஆற்றல் சுமார் 4.9 மெகாஜூல். குழாயில் பிடித்த 16 லிட்டர் பச்சைத் தண்ணீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவரப் போதுமான வெப்பம் அது. வெறும் 100 மீட்டருக்கு! காராக் இறக்கம் அதைவிடப் பல மடங்கு. இத்தனையும் எஞ்சினுக்குப் போகலாம், காற்றுக்குப் போகலாம், அல்லது பிரேக்குக்குப் போகலாம். நியூட்ரல் போட்டால் எஞ்சினை நீங்களே கழற்றிவிட்டீர்கள்.

எண்ணெயும் மிச்சமாகாது. கியரில் இருக்கும்போது மிதியிலிருந்து காலை எடுத்தால் இன்றைய எஞ்சின் டீசல் பாய்ச்சுவதையே நிறுத்திவிடும், சக்கரம்தான் எஞ்சினைச் சுற்றுகிறது. நியூட்ரலில் எஞ்சின் அணையாமல் ஓட டீசல் செலவாகும். ஆக இரண்டு வகையிலும் நட்டம்.

பிரேக் ஆயிலையும் மறக்காதீர்கள். டாட் 4 வகை பிரேக் ஆயில் புதிதாக இருக்கும்போது 230 டிகிரி வரை கொதிக்காது. ஈரம் இழுத்த பிறகு அந்த வகைக்கு உள்ள குறைந்தபட்ச அளவு 155 டிகிரி. நம்ம ஊர் ஈரப்பதத்துக்கு ஆயில் மாற்றுவதைத் தள்ளிப்போடவே கூடாது. ஆயில் கொதித்து ஆவியானால் மிதி பஞ்சாகிவிடும், அதற்குப் பிறகு மிதித்தும் பயனில்லை.

கெப்போங் ஹைலக்ஸ்:

என் வண்டியில டோ மோட்னு தனியா எதுவும் இல்ல. பழைய மாடல். ஆனா எஸ் பக்கம் லீவரைத் தள்ளி மேல் கியரைக் கட்டி வச்சுக்கிட்டா அதே வேலை நடக்குது. ஏறும்போது 3 இல்ல 4, இறங்கும்போது எந்தக் கியர்ல ஏறினேனோ அதுவே, சில சமயம் அதுக்கும் ஒண்ணு கீழ. முக்கியமா இறக்கம் தொடங்குறதுக்கு முன்னாடியே கியரைக் குறைச்சிடணும் அண்ணே. வேகம் பிடிச்ச பிறகு குறைக்கப் பார்த்தா கியர்பாக்ஸ் ஒத்துக்காது. செகாம்புட் அண்ணன் சுரங்கத்துக்குள்ள நுழையும்போதே மோட்ல இருக்கணும், வேகத்தையும் அங்கேயே இறக்கிடணும். இடது பாதையில லோரிக்குப் பின்னால பொறுமையா வாங்க, ஹாரன் அடிக்கிறவன் அடிக்கட்டும்.

பட்டர்வொர்த் சமையல்:

நானும் என் வீட்டுக்காரரும் சாப்பாட்டு ட்ரெய்லர் வச்சிருக்கோம். தம்பி கேட்ட கேள்விக்கு இது நேர் பதில் இல்ல, ஆனா சொல்லாம இருக்க மனசு வரல. மெஷினை ட்ரெய்லர்ல எந்த இடத்துல நிறுத்துறீங்க?

எங்க ட்ரெய்லரைக் கட்டிக் கொடுத்தவங்க ஃபிரீசரையும் கேஸ் தோம்பையும் பின்கதவு ஓரமா வச்சுட்டாங்க. பினாங்குப் பாலத்துல கடல் காத்து பக்கவாட்டுல அடிச்சப்ப ட்ரெய்லர் பின்பக்கம் ஆட ஆரம்பிச்சு, அந்த ஆட்டம் பிக்கப்பையே இழுத்துச்சு. டோ மோட் போட்டுத்தான் இருந்தோம். ஆட்டத்தை அது நிறுத்தாது. வீட்டுக்காரர் பிரேக்கை அழுத்தல, ஸ்டியரிங்கை ஒடிக்கல, மிதியில இருந்து மெல்லக் காலை எடுத்தார், வேகம் குறைஞ்சதும் அடங்குச்சு.

அப்புறம் பிறையில ஒரு பட்டறையில காட்டினோம். கொக்கி மேல இறங்குற பாரம் ட்ரெய்லர் மொத்த எடையில பத்துல ஒரு பங்கு இருக்கணும்னு சொன்னாங்க. எங்களுக்கு அதுல பாதிகூட இல்ல. ஃபிரீசரை அச்சுக்கு முன்னால நகர்த்தின பிறகு ஆட்டமே இல்ல.

அளக்குறதுக்கு வீட்டுல உடம்பு எடை பார்க்குற தராசே போதும். ஒரு கெட்டிப் பலகை எடுத்துக்கோங்க. ஒரு முனையைக் கட்டை மேலயும் மறு முனையைத் தராசு மேலயும் வைங்க. கட்டையில இருந்து ஒரு அடி, தராசுல இருந்து ரெண்டு அடி தள்ளி ட்ரெய்லர் மூக்கை, அதாவது கொக்கியில மாட்டுற முனையை, இறக்குங்க. தராசு காட்டுறதை மூணால பெருக்கினா மூக்குப் பாரம். பலகை எடையை மட்டும் முதல்ல பார்த்துக் கழிச்சிடுங்க.

செகாம்புட் மண்வேலை:

எல்லாருக்கும் நன்றி. பிறை அண்ணன் சொன்னபடி செலாயாங் பக்கம் ஒரு பழைய இரும்புக் கடைத் தராசுல ஏத்தினேன். மெஷினோட சேர்த்து ட்ரெய்லர் மட்டும் 2,620 கிலோ. பிக்கப்பையும் சேர்த்தா 5,180. மூக்குப் பாரம் அக்கா சொன்ன பலகை முறையில 190 வந்துச்சு. மெஷினை ஒரு சாண் முன்னால தள்ளி நிறுத்தி, மெஷின் கையை மடக்கி இறக்கி வச்சு மறுபடி அளந்தேன், 255.

ட்ரெய்லர்ல இருக்குறது ஓவர்ரன் பிரேக். இன்னொண்ணும் செஞ்சேன். இறங்கி வந்ததும் டோல் தாண்டி பாதுகாப்பான இடமாப் பார்த்து ஓரங்கட்டி, லேசர் தெர்மாமீட்டர் வச்சு ஒவ்வொரு சக்கர நடுவையும் பார்த்தேன். பிக்கப் நாலும் பரவாயில்ல. ட்ரெய்லர்ல முன் வலது 210 டிகிரி. மத்த மூணும் 70கூட இல்ல. வாடை அங்கேருந்துதான். தண்ணி ஊத்தி ஆற வைக்கலாமா?

பிறை பட்டறை:

ஊற்றவே கூடாது தம்பி! சூடான பிரேக் டிரம்மில் தண்ணீர் பட்டால் விரிசல் விடும். தானாக ஆறட்டும், கைப்பிரேக்கும் போடாதீர்கள், சக்கரத்துக்குக் கட்டை கொடுங்கள்.

நீங்கள் அளந்து பார்த்தது மிக நல்ல காரியம். இப்போது விஷயம் முழுதாகத் தெரிகிறது. ஓவர்ரன் பிரேக் எப்படி வேலை செய்கிறது? பிக்கப் வேகம் குறையும்போது ட்ரெய்லர் முன்னால் வந்து கொக்கியை இடிக்கும். அந்த இடிப்பில் கம்பி உள்ளே போய் ட்ரெய்லர் பிரேக்கைப் பிடிக்கும். நீங்கள் மிதியை மிதித்தாலும் சரி, எஞ்சின் பிடித்தாலும் சரி, ட்ரெய்லருக்கு வித்தியாசம் தெரியாது. டோ மோடில் எஞ்சின் நன்றாகப் பிடிப்பதால், நீண்ட இறக்கம் முழுக்க ட்ரெய்லர் இடித்துக்கொண்டே வரும், அதன் பிரேக்கும் பிடித்துக்கொண்டே வரும். நாலு சக்கரமும் பங்கு போட்டுக்கொண்டால் தாங்கும். உங்கள் ட்ரெய்லரில் மூன்று சும்மா வருகின்றன, ஒன்று மட்டும் உழைக்கிறது. உங்கள் மிதி கெட்டியாக இருந்ததும் இதனால்தான், பிக்கப் பிரேக்குக்கு ஒன்றும் ஆகவில்லை.

சரிசெய்யும்போது முன்னால் இருக்கும் கம்பியை முறுக்கி முடித்துவிடும் ஆட்களிடம் கொடுக்காதீர்கள். சக்கரத்திலிருந்து தொடங்க வேண்டும். ஒவ்வொன்றாக ஜாக் போட்டுத் தூக்கி, டிரம்மைத் திறந்து, கருகின ஷூவை (டிரம்மை உள்ளிருந்து உரசிப் பிடிக்கும் பிரேக் கட்டை) மாற்றி, பேரிங்கில் ஆட்டம் இருக்கிறதா என்று பார்த்து, அட்ஜஸ்டரை ஷூ உரசும் வரை இறுக்கி, சக்கரம் தாராளமாகச் சுற்றும் வரை தளர்த்த வேண்டும். நாலும் முடிந்த பிறகுதான் கேபிளின் நீளம். ஷூ மாற்றுவதென்றால் ஒரே அச்சின் இரண்டு பக்கமும் சேர்த்து மாற்றுங்கள்.

கையோடு டயரையும் பாருங்கள். பக்கச் சுவரில் நாலு எண் இருக்கும், 2319 என்றால் 2019-இன் 23-ஆவது வாரம் செய்தது. ட்ரெய்லர் டயர் பட்டை தேயுமுன்பே வெயிலில் காய்ந்து வெடிக்கும். கொக்கி கழன்றால் பிரேக்கை இழுக்கிற அந்த மெல்லிய கம்பி வடம் இருக்கிறதே, அதை பிக்கப் சட்டத்தில் மாட்டுங்கள், கொக்கி உருண்டையில் சுற்றாதீர்கள்.

செகாம்புட் மண்வேலை:

அண்ணே, டிரம்மைத் திறந்தாச்சு. பின்னாடி ரெண்டுலயும் கேபிள் துருப்பிடிச்சு உறைக்குள்ளேயே ஒட்டிக்கிச்சு. முன் இடதுல அட்ஜஸ்டர் முழுக்கத் தளர்ந்து கிடந்துச்சு. கேபிள், முன் அச்சு ஷூ எல்லாம் புதுசு போட்டு நீங்க சொன்ன வரிசையிலேயே செஞ்சேன். நேத்து இறங்கி வந்து அளந்தப்ப நாலும் 95-லிருந்து 110-க்குள்ள. வாடை இல்ல. சுரங்கத்துக்கு முன்னாடியே மோட் போட்டு, 60-ல இறங்கினேன், மிதியை அங்கங்க அழுத்தி விட்டேன், தொடர்ந்து மிதிக்கல.

கடைசியா ஒண்ணு: மெஷினைத் தோட்டத்துலயே விட்டுட்டு வெறும் ட்ரெய்லரோட வரும்போதும் டோ மோட் வேணுமா?

பிறை பட்டறை:

சமதரையில் வேண்டாம், வீணாக டீசல் குடிக்கும். பெந்தோங்கிலிருந்து ஏற்றம் தொடங்கும்போது போட்டுக்கொள்ளுங்கள், இறங்கி கோம்பாக் டோல் தாண்டியதும் எடுத்துவிடுங்கள். புது ஷூ படிகிற வரைக்கும் இன்னொரு தடவை சக்கரச் சூட்டை அளந்து இங்கே போடுங்கள், பார்த்துச் சொல்கிறேன்.