தலைவாசல் நிலைக்கால் அடியில் மரம் தூளா உதிருது. கரையானா, வேற ஏதாவதா?

குடியாத்தம் மருமகள்:

எல்லாருக்கும் வணக்கம். எங்க வீடு குடியாத்தத்துல, கௌண்டன்யா ஆத்துக்குப் பக்கத்துத் தெரு. எங்க மாமனாரோட அப்பா 1962ல கட்டினது. தலைவாசல் நிலை தேக்கு. அதோட இடது கால் அடியில ஒரு முழ உயரத்துக்கு மரம் கெட்டுப்போயிருக்கு. மேல எனாமல் பெயிண்ட் பளபளன்னுதான் இருந்துச்சு. போன வாரம் பையன் சைக்கிளைச் சாத்தும்போது ஹேண்டில்பார் பட்டு அப்படியே உள்ளே அமுங்கிடுச்சு. சுரண்டிப் பார்த்தா கரும்பழுப்பா, வறண்ட ஏரி மண்ணு மாதிரி கட்டம் கட்டமா வெடிச்சிருக்கு. விரலால நசுக்கினா மாவாகுது. வலது கால்ல ஆணி கூட இறங்கல.

ஜூன்லயே சந்தேகம் வந்து கரையான் மருந்து அடிக்கிற ஆளைக் கூப்பிட்டோம். துளை போட்டு மருந்து ஊத்திட்டு 4,500 ரூபாய் வாங்கிட்டுப் போனார். இப்போ ஐப்பசி மழை பிடிச்சதும் படிக்கும் காலுக்கும் நடுவுல வெள்ளையா பஞ்சு மாதிரி படர்ந்திருக்கு.

ஆசாரி ஒருத்தர் முழு நிலையையும் பிடுங்கிட்டு இரும்பு நிலை வைக்கச் சொல்றார். அத்தைக்கு மனசே வரல. ஆரத்தி சுத்தி அந்த வாசல் வழியாத்தான் அவங்க இந்த வீட்டுக்குள்ள வந்தாங்க. நானும் அப்படித்தான். சித்திரையில 42 டிகிரி அடிக்கிற ஊர்ல மரம் எப்படி மக்கும்னும் புரியல. இதைக் காப்பாத்த வழி இருக்கா?

பேர்ணாம்பட்டு தம்பி:

அக்கா, கழிவு இன்ஜின் ஆயில் ரெண்டு கை பூசுங்க. எங்க கொட்டாய்க்கு அதான் பூசறோம்.

ஆற்காடு ஆசாரி மகன்:

அவசரப்பட்டு எதுவும் பூசாதீங்கம்மா. முதல்ல சில விஷயம் சொல்லுங்க. சுவத்துலயோ மரத்துலயோ மண்ணுல கட்டின குழாய் மாதிரி கோடு ஏறியிருக்கா? உடைஞ்ச மரத்துக்குள்ள மண்ணு அப்பியிருக்கா? நிலைக்கால் கல்லு மேல நிக்குதா, சிமெண்டுல புதைஞ்சிருக்கா? வெளித் தரை வாட்டம் எந்தப் பக்கம்?

குடியாத்தம் மருமகள்:

மண்ணு எங்கேயும் இல்லைங்க அண்ணா. முன்ன கால் ரெண்டும் கருங்கல் மேலதான் இருந்துச்சு. 2021 நவம்பர் வெள்ளத்துல ரெண்டு நாள் வீட்டுக்குள்ள தண்ணி நின்னுச்சு. அதுக்கப்புறம் 2022ல வாசல் தரையை 3 அங்குலம் உயர்த்தி டைல்ஸ் ஒட்டினோம். காலைச் சுத்தி சிமெண்ட் வெச்சு இடைவெளியெல்லாம் அடைச்சாங்க. வாட்டம் நீங்க கேட்டப்புறம்தான் தண்ணி ஊத்திப் பார்த்தேன். இடது கால்கிட்ட வந்து தேங்குது. தினமும் வாசல் தெளிக்கிறோம், வெள்ளிக்கிழமை படி கழுவி மஞ்சள் பூசறோம்.

காட்பாடி தாவரவியல் ஆசிரியர் (ஓய்வு):

அம்மா, நீங்கள் சொன்னதிலேயே விடை இருக்கிறது. இது கரையான் இல்லை, பூஞ்சை. கரையான் தின்ற மரத்தில் மண்ணும் அடுக்கடுக்கான குடைவும் இருக்கும். வண்டு உளுத்த மரத்தில் குண்டூசித் துளையும் மாவும் தெரியும். கட்டம் கட்டமாக வெடித்துப் பழுப்பாக நொறுங்குவது பழுப்பு அழுகல் என்ற வகை. படியோரம் படர்ந்த வெள்ளைப் பஞ்சு பூஞ்சையின் இழைகள். காளான் என்று நாம் பார்ப்பது அதன் காய்ப்பு மட்டுமே, உடம்பு முழுவதும் மரத்துக்குள் ஓடும் அந்த இழைகள்தான். பூச்சியைக் கொல்லும் மருந்து பூஞ்சையை ஒன்றும் செய்யாது. 4,500 ரூபாய் வீணானது அதனால்தான்.

மரச் செல்லின் சுவரில் நார் போல நின்று இழுவிசை தாங்குவது செல்லுலோஸ். அதைச் சுற்றிக் காரை போலக் கெட்டிப்படுத்துவது லிக்னின். பழுப்பு அழுகல் பூஞ்சை செல்லுலோஸை உண்டுவிட்டு, லிக்னினை உருமாற்றிப் பெரும்பாலும் அப்படியே விட்டுவிடும். நார் போன பின் காரை மட்டும் என்ன தாங்கும்? சுருங்கிக் கட்டம் கட்டமாக வெடிக்கும். வெள்ளை அழுகல் பூஞ்சை லிக்னினையும் உண்ணும், அப்போது மரம் வெளுத்து நார் நாராகப் பிரியும். இன்னொன்றையும் கவனியுங்கள். பழுப்பு அழுகலில் வலிமை முதலில் போகும், தோற்றம் பிறகுதான் மாறும். எடையில் பத்தில் ஒரு பங்கு குறைவதற்குள் பாதி வலிமை போயிருக்கக்கூடும். பெயிண்டுக்குப் பின்னால் மூன்று வருடமாக நடந்தது இதுதான்.

வெயில் பற்றிக் கேட்டீர்கள். பூஞ்சைக்குத் தேவை மரத்துக்குள் இருக்கும் ஈரம். மரத்தின் உலர் எடையில் 20 சதவீதத்துக்குக் குறைவான ஈரம் இருந்தால் அது வளராது. நம் ஊரில் கூரைக்குக் கீழே காய்ந்த மரத்தில் ஈரம் அதைவிட மிகக் குறைவு. அதனால்தான் உங்கள் நிலையின் மேல்பகுதிக்கு 60 வருடமாக ஒன்றும் ஆகவில்லை. 28, 30 சதவீதம் தாண்டினால் பூஞ்சைக்குக் கொண்டாட்டம். உங்கள் நிலைக்கால் சிமெண்டுக்குள் புதைந்து தினமும் தண்ணீர் குடிக்கிறது. மரத்தின் வெட்டுமுனை, அதாவது நார்கள் திறந்திருக்கும் அடிப்பக்கம், பக்கவாட்டைவிடப் பல மடங்கு வேகமாகத் தண்ணீரை உறிஞ்சும். குடித்த தண்ணீர் வெளியேற எனாமல் விடாது. வெயில் அந்த இடத்தைக் காயவைப்பதில்லை, 25 முதல் 30 டிகிரிக்கு இதமாக வெதுவெதுப்பாக வைக்கிறது. பூஞ்சைக்குப் பிடித்த வெப்பமும் அதுதான்.

தம்பிக்கு ஒரு வார்த்தை. கழிவு ஆயில் மேலாகத்தான் நிற்கும், உள்ளே ஓடும் இழையைத் தொடாது. குழந்தைகள் கை வைக்கிற வாசலுக்கு அது வேண்டாம், அதில் உலோகக் கழிவு இருக்கும்.

குடியாத்தம் மருமகள்:

ரொம்ப நன்றிங்க சார். ஆனா தண்ணி ரெண்டு பக்கமும்தானே படுது? வலது கால் மட்டும் எப்படித் தப்பிச்சது?

ஆற்காடு ஆசாரி மகன்:

வாட்டம் ஒரு காரணம். இன்னொன்னு, இடது காலோட சுவர்ப்பக்க ஓரத்துல, நல்ல இடமா சுரண்டிப் பாருங்க. வெளிர் மஞ்சளா ஒரு பட்டை ஓடுதா?

குடியாத்தம் மருமகள்:

ஆமாங்க! ரெண்டு விரல் அகலத்துக்கு வெளுத்திருக்கு.

ஆற்காடு ஆசாரி மகன்:

அது வெளிறு, அதாவது மரத்தோட பட்டையை ஒட்டின வெளி அடுக்கு. தேக்குன்னா அழுகாதுன்னு சொல்றது வைரம் பாஞ்ச நடுமரத்துக்கு மட்டும்தான். பூஞ்சைக்கு ஆகாத சத்து அதுலதான் இருக்கு. வெளிறு எந்த மரமா இருந்தாலும் சீக்கிரம் போயிடும், தேக்கு வெளிறும் அப்படித்தான். அங்க பிடிச்சு, ஈரம் விடாம இருந்ததால வைரத்துக்கும் தாவியிருக்கு.

முழு நிலையையும் பிடுங்க வேணாம்மா. முதல்ல காலைச் சுத்தி இருக்கிற சிமெண்டைக் கொத்தி எடுங்க. பெயிண்டைச் சுரண்டிடுங்க. மழை படாம மறைச்சு, காத்தாட விடுங்க. அப்புறம் கூரான திருப்புளியால கீழயிருந்து மேல குத்திக்கிட்டே போங்க. நல்ல மரத்துல சிம்பு நெம்பினா நீளமா நார் பிரியும். கெட்ட மரத்துல பட்டுன்னு குட்டையா ஒடியும். ஒடியறது நின்ன இடத்துல கோடு போட்டு, அதுக்கு மேல இன்னும் ஒரு அடி விட்டுச் சாய்வா அறுக்கணும். இழை கண்ணுக்குத் தெரியாம மேல போயிருக்கும், அதுல கஞ்சத்தனம் பண்ணக்கூடாது. காஞ்ச வைரத் தேக்கு துண்டை அதே சாய்வுல ஒட்டுப் போட்டு மரப்பசையும் ஆப்பும் போட்டா நிக்கும். அறுக்கும்போது நிலைக்கு மேல இருக்கிற சுவருக்கு முட்டுக் கொடுக்க மறக்காதீங்க.

புதுத் துண்டு டைல்ஸ் மட்டத்துக்கு மேல, கருங்கல் பாதத்துல நிக்கணும். பழைய வீட்டுத் திண்ணைத் தூணெல்லாம் கல்லு மேல நிக்கறது அழகுக்காக மட்டும் இல்ல. அத்தைகிட்ட சொல்லுங்க, ஒட்டுப் போட்டாலும் அவங்க வாசல் அதேதான்.

காட்பாடி தாவரவியல் ஆசிரியர் (ஓய்வு):

ஒட்டுப் போடும் முன் மருந்து. ஒரு லிட்டர் வெந்நீரில் 60 கிராம் போராக்ஸ், 40 கிராம் போரிக் ஆசிட் கரைத்து, அறுத்த முனையிலும் புதுத் துண்டின் அடியிலும் மூன்று முறை ஊறப் பூசுங்கள். போரான் உப்பு ஈரத்தோடு உள்ளே பரவும், அதனால் மரம் லேசாக ஈரமாக இருந்தாலும் பரவாயில்லை. பிறகு நன்றாகக் காய வேண்டும். மழைத் தண்ணீர் பட்டால் இது கரைந்து வெளியே போய்விடும் என்பதால் மேலே பூச்சு அவசியம். கையுறை போடுங்கள், குழந்தைக்கு எட்டாமல் வையுங்கள், மிச்சத்தைச் செடிக்கு ஊற்றாதீர்கள்.

அணைக்கட்டு விவசாயி:

நடுவுல ஒரு கேள்வி சார். எங்க வேலிக் கம்பம் எல்லாமே தரை மட்டத்துலதான் ஒடியுது. கீழ புதைஞ்சதும் நல்லா இருக்கு, மேலயும் நல்லா இருக்கு. ஏன்?

காட்பாடி தாவரவியல் ஆசிரியர் (ஓய்வு):

ஆழத்தில் ஈரம் உண்டு, காற்று குறைவு. மேலே காற்று உண்டு, ஈரம் இல்லை. இரண்டும் சேரும் இடம் தரை மட்டம். கிணற்றின் அடியில் நாவல் மரத்தை வைப்பதும் இந்தக் கணக்கில்தான், எப்போதும் மூழ்கிய மரத்துக்கு இந்தப் பூஞ்சை வராது. கம்பத்துக்கு அழுத்தமூட்டி மருந்தேற்றிய மரம் வாங்கலாம். செம்பு, குரோமியம், ஆர்செனிக் சேர்ந்த மருந்தை 1933இல் கண்டுபிடித்தவர் தேராதூன் வன ஆராய்ச்சி நிறுவனத்தில் இருந்த சொந்தி காமேசம், உலகமே அதைப் பயன்படுத்தியது. ஆனால் ஆர்செனிக் இருப்பதால் வீட்டு மரத்துக்கும் மாட்டுத் தொட்டிக்கும் கூடாது. அந்தத் துண்டுகளை அடுப்பில் எரிக்கவே கூடாது.

குடியாத்தம் மருமகள்:

ஒரு மாசம் கழிச்சு எழுதறேன். சிமெண்டைக் கொத்தினதும் உள்ளே ஈரம் சொதசொதன்னு இருந்துச்சு. கொஞ்சம் மேலயே நல்ல மரம் வந்துடுச்சு, ஒரு அடி சேர்த்து அறுத்தாச்சு. உங்க பதிலைக் காட்டினதும் முன்ன வந்த ஆசாரியே ஒத்துக்கிட்டார். பழைய கருங்கல் டைல்ஸுக்குக் கீழ அப்படியே இருந்துச்சு, அது மேல இன்னொரு கல் வெச்சு உயர்த்தியிருக்கார். வெளி டைல்ஸ் நாலைப் பேர்த்துத் தெருப்பக்கம் வாட்டம் திருப்பியாச்சு. அத்தை தானாவே, படிக்குத் தண்ணி ஊத்தாம ஈரத்துணியால துடைச்சு மஞ்சள் வெக்கறாங்க. பெயிண்ட் எப்போ அடிக்கலாம் அண்ணா?

ஆற்காடு ஆசாரி மகன்:

கார்த்திகை மழை முழுசா விடட்டும்மா. தை பொறந்து ரெண்டு வாரம் நல்ல வெயில் காஞ்சப்புறம் அடிங்க. முதல் கையை வெட்டுமுனைக்கும் ஒட்டு இணைப்புக்கும் கொடுங்க. கல்லுக்கும் மரத்துக்கும் நடுவுல இருக்கிற இடைவெளியை மட்டும் யார் சொன்னாலும் அடைக்காதீங்க.