பாகப்பிரிவினை அப்பீலில் ஒருவர் காலமாகிவிட்டார்: அப்பீல் நிற்குமா?

நிலுவை
வணக்கம். எங்கள் குடும்பச் சொத்து வழக்கின் அப்பீல் நிலுவையில் இருக்கும்போது ஒருவர் காலமாகிவிட்டார். அவருடைய வாரிசுகளை உரிய காலத்தில் சேர்க்காததால் அப்பீல் அபேட் ஆகிவிட்டது, அதாவது தானாகவே அற்றுப்போய்விட்டது என்று எதிர்த்தரப்பு வழக்கறிஞர் சொல்கிறார். வாய்தா நெருங்குகிறது. விரைவாக வழி சொல்லுங்கள்.

கரைமேடு
இறந்தவர் மேல்முறையீட்டாளரா (அப்பீல் போட்டவரா), எதிர் மேல்முறையீட்டாளரா (அப்பீலின் எதிர்த்தரப்பினரா)? எப்போது இறந்தார்? அவருடைய வாரிசுகளில் எவரேனும் ஏற்கெனவே வழக்கில் தரப்பினராக இருக்கிறாரா? இருதரப்பு வாதமும் முடிந்து, தீர்ப்புக்காக ஒத்திவைத்த பிறகு இறந்திருந்தால், உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 22, விதி 6-இன்படி அப்பீல் அற்றுப்போகாது.

பழைய குமாஸ்தா
அந்தக் கட்டளை 22-ஐ ஒரு முறையேனும் படித்துவிட்டு வந்திருந்தால் இந்தப் பதற்றமே தேவைப்பட்டிருக்காது. விதி 11-இன்படி இந்தக் கட்டளை மேல்முறையீட்டுக்கும் பொருந்தும். வாரிசுகளைச் சேர்க்கும் மனுவுக்கு இறந்த நாளிலிருந்து 90 நாள் கெடு. தவறினால், அற்றுப்போனதை நீக்கக் கோர மேலும் 60 நாள். அதுவும் கடந்தால், காலவரையறைச் சட்டத்தின் பிரிவு 5-இன்கீழ் தாமதத்தை மன்னிக்கும் மனுவும் வேண்டும்.

தெற்குவாசல்
பாகப்பிரிவினையில் தீர்ப்பாணை (டிகிரி) பிரிக்க முடியாதது. ஒருவரைப் பொறுத்து அப்பீல் அற்றுப்போனாலே, முழு அப்பீலும் விழுந்துவிடும். பஞ்சாப் மாநிலம் எதிர் நாதுராம் தீர்ப்பைப் பாருங்கள்.

கரைமேடு
எல்லா வழக்கிலும் விழும் என்று அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. எஞ்சியோர் மீது அப்பீலைத் தொடர்ந்தால், ஒன்றுக்கொன்று முரணான இரண்டு தீர்ப்பாணைகள் உருவாகுமா என்பதே முக்கியமான அளவுகோல். அந்த அளவுகோலுக்குப் போகும் முன்பே, மகாபீர் பிரசாத் எதிர் ஜகே ராம் வழக்கில் 1971-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதைக் கவனிக்க வேண்டும்: வாரிசு வேறொரு நிலையில் ஏற்கெனவே வழக்கில் இருந்தால், தனியாக மனுப் போடாவிட்டாலும் அப்பீல் அற்றுப்போகாது.

தெற்குவாசல்
ஒரு வாரிசு இருந்தால் மற்றவர்களை விட்டுவிடலாம் என்று இதைப் படிப்பவர்கள் எடுத்துக்கொள்வார்கள். பாகப்பிரிவினையில் அது ஆபத்து. விடுபட்ட மகள் பின்னாளில், தீர்ப்பாணையை நிறைவேற்றக் கோரும் மனுவில் ஆட்சேபத்தோடு வந்து நிற்பார்.

நிலுவை
மன்னிக்கவும். அப்பீல் போட்டது நாங்கள். இறந்தவர் இரண்டாம் எதிர் மேல்முறையீட்டாளர். எட்டு மாதம் ஆகிறது. அவருடைய மகன் நான்காம் எதிர் மேல்முறையீட்டாளர். தந்தை இறந்தது சென்ற வாய்தாவில்தான் எங்களுக்குத் தெரிந்தது.

கரைமேடு
மகனை வாரிசாகப் பதிவுசெய்யக் கோரி இப்போதே மெமோ (நீதிமன்றத்துக்கான சிறு குறிப்பு) போடுங்கள். மற்ற வாரிசுகள் இருந்தால், அவர்களைச் சேர்க்கவும், அற்றுப்போனதை நீக்கவும், தாமதத்தை மன்னிக்கவும் மூன்று மனுக்களை ஒன்றாகவே தாக்கல் செய்யுங்கள். விதி 10-அ-இன்படி, தம் கட்சிக்காரர் இறந்ததை அறிந்ததும் நீதிமன்றத்துக்குத் தெரிவிப்பது அவருடைய வழக்கறிஞரின் கடமை. அவர் தெரிவிக்காமல் இருந்ததையும், நீங்கள் அறிந்த நாளையும் உறுதிமொழிப் பத்திரத்தில் எழுதுங்கள். இறந்தவருக்கு மகள்கள் உண்டா? மனைவி உயிரோடு இருக்கிறாரா?

நிலுவை
இரண்டு மகள்கள், மனைவியும் இருக்கிறார். மூன்று மனுக்களும் தயாராகின்றன. நன்றி.