ஒரு மூலம் 3−2ஐ, சமன்பாடு கேக்குறாங்க, ஐ போகவே மாட்டேங்குது, உதவுங்க

ஏலக்காட்டுப்பொண்ணு (வண்டிப்பெரியார்)
அண்ணா அக்கா யாராச்சும் சீக்கிரம் சொல்லுங்க, நாளைக்குக் காலைல டெஸ்ட். ஒரு மூலம் 3−2ஐ (ஐ-ன்னா √−1), இருபடிச் சமன்பாடு கண்டுபிடிக்கணும். இன்னொரு மூலமும் எழுதி கூட்டி பெருக்கி மூணு தடவ போட்டுட்டேன், கடைசில ஐ வந்து நின்னுருது. விடைல ஐயே இல்ல. மழைக்கு கரண்ட் போயிருச்சு, போன்ல சார்ஜ் 20 தான் இருக்கு.

லோயர்கேம்ப்காரன்
இன்னொரு மூலம்னு என்ன எழுதுன? கேள்விய அப்படியே முழுசா போடும்மா.

சின்னமனூர் திராட்சை
இது கண்டிப்பா ஐ² = −1 போட மறந்த கேஸ். நானும் பிளஸ் டூல இதே தப்பத்தான் பண்ணேன்.

லோயர்கேம்ப்காரன்
ஐ²-க்கு +1 போட்டா 9−4 = 5, எக்ஸ்²−6எக்ஸ்+5 வந்துரும். அதுல ஐ எங்க இருக்கு? அவங்களுக்கு ஐ நிக்குதுன்னு சொல்றாங்களே.

கம்பம் வாத்தியார்
நான் 22 வருஷமா டியூஷன் எடுக்கறேன், கேள்விய பாதி மட்டும் எழுதிட்டு உதவி கேக்கறது இப்ப உள்ள பிள்ளைங்க வழக்கமாப் போச்சு. கெழுக்கள், அதாவது எக்ஸ்-கூட வர்ற எண்கள், மெய்யெண்கள்னு போட்டிருக்கா இல்லையா? இல்லேன்னா எக்ஸ்²−(3−2ஐ)எக்ஸ் = 0 கூட சரியான விடைதான், இன்னொரு மூலம் பூஜ்யம். அடிப்படை தெரியாம பரீட்சைக்குப் போகக்கூடாது.

மேகமலை
இதுக்கு எதுக்கு இவ்ளோ பேச்சு. எக்ஸ்−3 = −2ஐ, ரெண்டு பக்கமும் வர்க்கம் எடு, எக்ஸ்²−6எக்ஸ்+9 = −4, முடிஞ்சது. 3+2ஐ-ங்கற இணையும் வேணாம் ஒண்ணும் வேணாம்.

கம்பம் வாத்தியார்
வர்க்கம் எடுத்த உடனே +2ஐ-யும் உள்ள வந்துருச்சு தம்பி. அதுதான் இணை. நீங்க பேர் சொல்லாம கூட்டிட்டு வந்திருக்கீங்க, அவ்ளோதான்.

மேகமலை
விடை சரியா வருதுல்ல சார்.

கம்பம் வாத்தியார்
√2+3ஐ குடுத்து விகிதமுறு கெழு (பின்னமா எழுத முடியற எண்) வேணும்னு கேட்டா? ஒரு தடவ வர்க்கம் எடுத்தா எக்ஸ்²−2√2எக்ஸ்+11, √2 அப்படியே நிக்கும். அத ஒரு பக்கம் தள்ளி திரும்ப வர்க்கம் எடுக்கணும், எக்ஸ்⁴+14எக்ஸ்²+121 = 0, நாலாம் படி. எதுக்கு எடுக்கறோம்னு தெரியாம எடுத்தா அங்க மாட்டிக்குவீங்க.

மேகமலை
அதுவும் வர்க்கம் எடுத்துத்தானே சார் வந்துச்சு, என் வழிதானே அது?

ஏலக்காட்டுப்பொண்ணு
சாரி சார், ரியல் கோஎஃபிஷியன்ட்ஸ்னு போட்டிருக்கு, அது முக்கியம்னு தெரியல. பத்து வரைக்கும் தமிழ் மீடியம், இப்ப எல்லாம் இங்கிலீஷ், சார் மலையாளத்துல சொல்லித் தருவாரு. "சிஹ்னம் மாற்றணம்"னாரு, குறிய மாத்தணும்னு, நான் ரெண்டு சிஹ்னமும் மாத்தி −3+2ஐ எழுதுனேன்.

லோயர்கேம்ப்காரன்
அங்கதான் இருக்கு! எக்ஸ்²−(கூடுதல்)எக்ஸ்+பெருக்கல் = 0-ல கூடுதல் பூஜ்யம் ஆயிருச்சு, பெருக்கல் −(3−2ஐ)², அதாவது −5+12ஐ. உன் நோட்டுல கடைசி வரி எக்ஸ்²−5+12ஐ = 0 தானே?

சார் சொன்னது ஐ இருக்கற பக்கத்தோட குறிய மட்டும். ஏன்னு சூத்திரத்துலயே தெரியும், எக்ஸ்²−6எக்ஸ்+13-க்கு தன்மைகாட்டி (√-க்குள்ள வர்ற எண்) 36−52 = −16, மூலம் (6 ± √−16)/2. அந்த ± √-க்கு முன்னாடி மட்டும்தான் நிக்குது, 6-ஐ தொடவே இல்ல. அதனால 3 ரெண்டுலயும் 3 தான், 3−2ஐ, 3+2ஐ. கூடுதல் 6, பெருக்கல் 9+4 = 13.

போட்டு முடிச்சதும் 3−2ஐ-யை திருப்பி வச்சுப் பாரு: (5−12ஐ) + (−18+12ஐ) + 13, பூஜ்யம் வரும்.

சின்னமனூர் திராட்சை
இந்த ஜோடி 1545-லயே வந்திருச்சு பாப்பா. கார்டானோன்னு இத்தாலிக்காரர், 10-ஐ ரெண்டாப் பிரி, பெருக்குனா 40 வரணும்னு கணக்கு போட்டு 5+√−15, 5−√−15-னு எழுதுனாரு. அவரும் 5-ஓட குறிய மாத்தல.

ஏலக்காட்டுப்பொண்ணு
ஆமாண்ணா அதே வரிதான்!! 12ஐ நின்னுச்சு. இப்ப 13 வந்துருச்சு, வச்சுப் பாத்தேன் பூஜ்யம். சார்ஜ் 4.

மேகமலை
சார், அந்த நாலாம் படி கணக்கு போட்டுப் பாத்தேன், மீதி ரெண்டு மூலம் −√2±3ஐ. இதுக்கும் இணைன்னுதான் பேரா?

கம்பம் வாத்தியார்
√2-க்கும் ஜோடி உண்டு தம்பி, கெழு விகிதமுறு எண்ணா இருந்தா √2 வந்தா −√2-வும் கூடவே வரணும். நல்ல கேள்வி, தனியா ஒரு இழை போடுங்க, விரிவா எழுதறேன்.

ஏலக்காட்டுப்பொண்ணு (மறுநாள்)
டெஸ்ட்ல 1+4ஐ குடுத்தாங்க. எக்ஸ்²−2எக்ஸ்+17 = 0 போட்டேன். சரியா?

லோயர்கேம்ப்காரன்
சரி.