பழைய கானா கேசட்டுகளிலிருந்து தொகுப்பு ஆல்பம்: எங்கிருந்து தொடங்குவது?

வியாசர்பாடிக்காரன்:

எங்கள் பெரியப்பா கானா பாடுபவர். இப்போது குரல் போய்விட்டது. பரண் மேல் ஒரு பிஸ்கட் டின் நிறையக் கேசட் வைத்திருக்கிறார். பாதி அவர் பாடியது, மீதி புளியந்தோப்பு, ஓட்டேரி, காசிமேடு ஆட்கள் பாடியது. எல்லாமே தொண்ணூறுகளில் பதிவானவை. சில கேசட்டுகள் கடையில் விற்றவை, கவரோடு இருக்கின்றன. சில சாவு வீட்டில் யாரோ டேப்ரெக்கார்டரைப் பக்கத்தில் வைத்துப் பிடித்தவை.

நானும் இரண்டு நண்பர்களும் இதிலிருந்து ஒரு பன்னிரண்டு பாட்டைப் பொறுக்கி ஆல்பமாக ஸ்பாட்டிஃபை, யூடியூப் மியூசிக்கில் விடலாம் என்று நினைக்கிறோம். காசு பார்க்க இல்லை. ஏதாவது வந்தால் பாடியவர்களின் குடும்பத்துக்குக் கொடுத்துவிடுவோம்.

சோதனைக்கு ஒரு பாட்டை யூடியூபில் ஏற்றினேன். அன்று சாயங்காலமே, பாட்டு எங்களுடையது என்று ஒரு ஆடியோ கம்பெனி பெயரில் கிளெய்ம் வந்துவிட்டது. எழுதியது, பாடியது பெரியப்பா. டோலக் வாசித்தது பக்கத்து வீட்டு மாமா. இதில் கம்பெனிக்காரனுக்கு என்ன பங்கு? செம கடுப்பாக இருக்கிறது. இந்த வேலையை முறையாகச் செய்ய எங்கிருந்து தொடங்க வேண்டும்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ராயபுரம் ரயிலடி:

இந்தக் காலத்தில் தொகுப்பு ஆல்பத்தை யார் கேட்கிறார்கள் தலைவா? ஒரு பிளேலிஸ்ட் போட்டு லிங்க்கை அனுப்புங்கள், வேலை முடிந்தது.

பழைய வண்ணை டெக்:

ரயிலடி, பிளேலிஸ்ட் போட முதலில் பாட்டு அங்கே இருக்க வேண்டாமா? அது பரண் மேல் அல்லவா இருக்கிறது.

தம்பி, கல்மண்டபம் பக்கம் நான் ரொம்ப நாள் ரெக்கார்டிங் சென்டர், அதாவது கேட்கிற பாட்டைக் கேசட்டில் பதிந்து தரும் கடை வைத்திருந்தேன். தொகுப்பு என்றால் எனக்குத் தெரிந்தது அதுதான். ஏ சைடுக்கு இவை, பி சைடுக்கு இவை என்று பேப்பரில் எழுதி எடுத்துக்கொண்டு வருவார்கள். துறைமுகத்து ஆட்களுக்கு எம்.ஜி.ஆர் தத்துவப் பாட்டு, ஆட்டோக்காரர்களுக்கு ராஜா பாட்டு. ஆட்டோவுக்கு என்றால் 90 நிமிட கேசட்டில் பதிந்து தரமாட்டேன். அதில் டேப் மெல்லிசு, வெயிலில் சூடான செட்டில் போட்டால் சுற்றிக்கொள்ளும். 60 தான். பக்கத்துக்கு அரை மணி நேரம், ஆறோ ஏழோ பாட்டு. கடைசியில் இரண்டு நிமிடம் மிஞ்சினால் அந்த அளவுக்கு ஒரு பாட்டைத் தேடிப் பிடிப்பதுதான் பெரிய பாடு. பாட்டு பாதியில் அறுந்தால் அந்த ஆள் மறுபடி கடைப் பக்கம் வரமாட்டார்.

கம்பெனிகளே தொகுப்பு போட்டு விற்ற காலத்தில் எங்களிடம் ஏன் வந்தார்கள் என்று கேட்பீர்கள். ராஜாவின் பாட்டுகள் எச்.எம்.வி., இன்ரெகோ, எக்கோ என்று சிதறிக் கிடந்தன. ஒரு கம்பெனி அவருடைய சிறந்த பாடல்கள் என்று போட்டால், தன் கையில் இருக்கும் படங்களில் சிறந்தவை என்றுதான் அர்த்தம். ரெக்கார்டிங் சென்டருக்கு அந்த வேலி கிடையாது. லைசென்ஸ் வாங்கிக்கொண்டு யாரும் கடை நடத்தவில்லை. இங்கிலாந்தில் அந்த வேலியைத் தாண்ட 1983ல் வர்ஜின், இ.எம்.ஐ. என்ற இரண்டு கம்பெனிகள் கைகோத்து 'நவ்' என்ற தொகுப்பு ஆல்பம் வரிசையைத் தொடங்கினார்கள். அந்த மாதிரித் தொகுப்புகள் விற்ற விற்பனையில் தனிக் கலைஞர்களின் ஆல்பங்களுக்கு விற்பனைப் பட்டியலில் மேலே இடமில்லாமல் போய், 1989ல் தொகுப்புகளுக்கு என்று தனிப் பட்டியலே பிரித்துவிட்டார்கள். நான் ஆச்சரியப்படவில்லை. பத்து படத்துக் கேசட்டை வாங்குவதை விட, பிடித்த பத்து பாட்டை ஒரே கேசட்டில் வாங்கத்தான் ஜனங்களுக்கு ஆசை.

சரி, உங்கள் விஷயம். ஏற்றிய பாட்டின் மெட்டு சினிமா மெட்டா? அதைச் சொல்லாமல் விட்டுவிட்டீர்கள். யூடியூப் ஒலியை மட்டும் ஒப்பிடுவதில்லை, மெட்டையும் ஒப்பிடும். ஒரு பாட்டுக்குள் இரண்டு சொத்து இருக்கிறது. டேப்பில் பதிந்த ஒலி ஒன்று, மெட்டும் வரியும் இன்னொன்று. இரண்டுக்கும் ஒரே ஆள் சொந்தக்காரராக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. வரி பெரியப்பாவுடையதாகவே இருக்கட்டும், மெட்டு சினிமாவிலிருந்து எடுத்தது என்றால் கம்பெனி கேட்கத்தான் செய்யும்.

பழைய பாட்டைத் திரும்பப் பாடிப் பதிய பதிப்புரிமைச் சட்டத்தில் 31சி என்று ஒரு பிரிவு இருக்கிறதே என்று யாராவது வந்து சொல்வார்கள். அது இதற்கு உதவாது. அதில் வரியையோ மெட்டையோ மாற்றக் கூடாது, கானாவில் மாற்றுவதுதானே பாட்டே. அதோடு ஒரு பாட்டுக்கு வருடத்துக்குக் குறைந்தது 50,000 பிரதிக்கு ராயல்டி கட்ட வேண்டும். நமக்குக் கட்டுப்படியாகாது. அதனால் கேசட்டையெல்லாம் தரையில் கொட்டி, சினிமா மெட்டை முதலில் ஒதுக்கி வையுங்கள். மனசு கேட்காது, நல்ல பாட்டெல்லாம் அந்தப் பக்கம்தான் போகும். கம்பெனி எழுதிக் கொடுத்தால் பிறகு சேர்த்துக்கொள்ளலாம்.

மிச்சத்தில் கடையில் விற்ற கேசட்டின் கவரைத் திருப்பிப் பாருங்கள். தயாரித்தவர் பெயர், முகவரி, உரிமையாளர், வெளியான ஆண்டு எல்லாம் அதில் அச்சிட்டிருக்க வேண்டும், அது சட்டம். அந்த ஒலிப்பதிவு அவருடையது. பாடியவர் எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும், பதிவு செய்ய முனைந்து பொறுப்பேற்றவரைத்தான் சட்டம் தயாரிப்பாளர் என்கிறது. வெளியான அடுத்த ஆண்டிலிருந்து 60 வருடம் அவருக்கு. அவர் கடையை மூடியிருந்தாலும் வாரிசுக்குப் போகும். அந்த ஆளைத் தேடிப் பிடித்து, இந்தந்தப் பாட்டை இந்த ஆல்பத்தில் சேர்க்க அனுமதிக்கிறேன் என்று ஒரு பக்கம் எழுதி வாங்குங்கள். இந்தப் பக்கத்து சின்ன கேசட் கம்பெனிக்காரர்கள் பலர் கேட்டால் கொடுத்துவிடுவார்கள், அவர்களுக்கும் அது பரணில்தான் கிடக்கிறது.

பாட்டு அப்படி இல்லை. பெரியப்பா வரியையும் மெட்டையும் எழுதிக் கொடுத்திருந்தால்தான் அது கம்பெனிக்குப் போகும். வாய்ப்பேச்சு செல்லாது. 1995 மே மாதத்துக்குப் பிறகு எழுதிக் கொடுத்த தாளில் காலம் போடாமல் இருந்தால் 5 வருடம்தான் கணக்கு. தொண்ணூறுகளில் கையில் ஆயிரமோ இரண்டாயிரமோ வாங்கிக்கொண்டு வெற்றுத் தாளில் கையெழுத்துப் போட்டவர்கள் நிறைய. அந்தத் தாள் இருக்கிறதா என்று கேட்டுப் பாருங்கள்.

சாவு வீட்டுப் பதிவில் சங்கடம் வேறு. இறந்தவர் பெயர், தெரு, பெண்டாட்டி பிள்ளை பெயர் எல்லாம் பாட்டிலேயே வரும். வெட்டி எடுத்தால் பாட்டு இல்லை. டேப்ரெக்கார்டர் கொண்டுவந்தவரிடம் கேட்பதோடு அந்த வீட்டுக்காரர்களிடமும் கேளுங்கள். சட்டத்துக்காகச் சொல்லவில்லை. நாளைக்கு அந்த வீட்டுப் பெண் பேருந்தில் போகும்போது யாரோ ஒருவன் போனில் தன் அப்பா பெயரைச் சொல்லி அழுகிற குரல் கேட்டால் எப்படி இருக்கும்?

வியாசர்பாடிக்காரன்:

ஆமாம் அண்ணா, அது சினிமா மெட்டுதான். நேற்று இரவே கொட்டிப் பிரித்துவிட்டோம். நீங்கள் சொன்ன மாதிரியே நல்லதெல்லாம் அந்தப் பக்கம் போய்விட்டது. கையில் எட்டு ஒன்பது தேறும். இரண்டு பாட்டின் மெட்டு யார் போட்டது என்று பெரியப்பாவுக்கே தெரியவில்லை, "நான் பொடியனா இருக்கும்போதே பாடுவாங்க" என்கிறார். புளியந்தோப்புப் பாடகர் ஒருவர் தவறிவிட்டார், மகன் இருக்கிறார். அவரிடமும் கையெழுத்து வாங்க வேண்டுமா?

ஜமாலியா ஸ்டுடியோ:

வாங்க வேண்டும். பாடியவருக்கும் வாசித்தவருக்கும் தனி உரிமை 50 வருடம் இருக்கிறது, அது வாரிசுகளுக்கு வரும். மகன் ஒருவர் மட்டும்தானா, அக்கா தங்கை இருக்கிறார்களா என்று கேட்டு எல்லாரிடமும் வாங்குங்கள். டோலக் மாமாவையும் விடாதீர்கள். வழிவழியாகப் பாடும் மெட்டு என்றால் இசை என்ற இடத்தில் 'மரபு' என்று போடுங்கள். தெரியாத மெட்டுக்கு பெரியப்பா பெயரைப் போட்டால் இன்னொரு குடும்பம் சண்டைக்கு வரும்.

நான் சுயாதீனக் கலைஞர்களின் பாட்டை ஏற்றிக் கொடுப்பவன், அதனால் இன்னொன்று. ஆல்பத்தின் கலைஞர் 'பலர்' என்று இருக்கலாம், ஆனால் ஒவ்வொரு பாட்டுக்கும் பாடியவர் பெயர் தனியாக இருக்க வேண்டும். அதை விட்டுவிட்டால் அவர் பெயரைத் தேடுகிறவனுக்குப் பாட்டு கிடைக்காது, கணக்கும் பிரிக்க முடியாது. ஒவ்வொரு பதிவுக்கும் ஐ.எஸ்.ஆர்.சி. என்று 12 எழுத்து அடையாள எண் வேண்டும், ஸ்பாட்டிஃபை போன்ற தளங்களுக்குப் பாட்டை அனுப்பும் விநியோகஸ்தரே கொடுத்துவிடுவார். யாராவது ஏற்கெனவே அந்தப் பதிவை முறையாக வெளியிட்டிருந்தால் அதே எண்ணைப் போடுங்கள், புது எண் போட்டால் ஒரே பாட்டு இரண்டாக நிற்கும். பணம் பெரிதாக வராது. யாருக்கு எத்தனை சதவீதம் என்பதை வெளியிடும் முன்பே எழுதி வையுங்கள், பத்து ரூபாய் வந்தாலும் பிரச்சினை வரும்.

பழைய வண்ணை டெக்:

ஜமாலியா சொன்னது எல்லாம் சரி. பன்னிரண்டு வேண்டும் என்று அடம்பிடிக்காதீர்கள் தம்பி. எட்டு போதும். எண்ணிக்கைக்காகச் சேர்த்த பாட்டு கேட்கிறவனுக்குத் தெரிந்துவிடும்.

கேசட்டை எடுத்ததும் டெக்கில் போட்டு ஓட்டாதீர்கள். இத்தனை வருடம் கிடந்த டேப் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கும். முழுதாக முன்னுக்கு ஓட்டி, முழுதாகப் பின்னுக்கு ஓட்டி, அப்புறம் போடுங்கள். கேசட்டின் நடுவில், டேப்பை டெக்கின் ஹெட்டில் (டேப்பைப் படிக்கும் பாகத்தில்) அழுத்தும் சின்னத் துணிப் பட்டை இருக்கும், பசை காய்ந்து விழுந்திருக்கும். அது இல்லாவிட்டால் சத்தம் உள்ளே போய் வெளியே வரும். வேறு ஒரு கேசட்டின் கூட்டை மாற்றிப் போடலாம். ஹெட்டை ஸ்பிரிட் நனைத்த பஞ்சால் ஒவ்வொரு கேசட்டுக்கும் துடையுங்கள். ஆன்லைனில் சல்லிசாக விற்கும் யு.எஸ்.பி. பிளேயர் வேண்டவே வேண்டாம், வேகம் நிற்காது, பெரியப்பா குரல் பொம்பளைக் குரலாகக் கேட்கும். ஹெட்டின் சாய்வு முக்கியம். அதன் பக்கத்துத் திருகை மெல்லத் திருப்பிக்கொண்டே கேளுங்கள், ஜால்ரா எங்கே பளிச்சென்று விழுகிறதோ அங்கே நிறுத்துங்கள்.

இரைச்சலை மொத்தமாகத் துடைக்கிற சாஃப்ட்வேர் வேலைக்கு ஆகாது. இரைச்சலோடு பானைச் சத்தமும் போய்விடும். பாட்டுக்குப் பாட்டு சத்தம் ஏறி இறங்காமல் சமன் செய்தால் போதும். சாவு வீட்டுப் பாட்டு இரண்டை அடுத்தடுத்து வைக்காதீர்கள்.

நல்ல டெக் கிடைக்காவிட்டால் என்னிடம் ஒன்று ஓடுகிற நிலையில் இருக்கிறது. இரவல் தரமாட்டேன், கேசட்டை எடுத்துக்கொண்டு நீங்கள் வாருங்கள். பெரியப்பாவையும் கூட்டி வாருங்கள், எந்தப் பாட்டில் யார் டோலக் என்று அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்ளலாம்.