எம்மெட் டில் வழக்கு: வழக்கறிஞர் நண்பர்கள் உதவ வேண்டும்

நண்பர்களே, பதினொன்றாம் வகுப்புப் பிள்ளைகளிடம் 1955-இல் அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில் நடந்த எம்மெட் டில் கொலை வழக்கைப் பற்றிப் பேசப் போகிறேன். கொல்லப்பட்டவன் 14 வயதுக் கறுப்பினச் சிறுவன். வெள்ளையர்கள் நிறைந்திருந்த சம்னர் நீதிமன்றத்தில், அவனைக் கடத்திப்போனவர்களை மோஸ் ரைட் என்ற கறுப்பின முதியவர் எழுந்து நின்று விரல் நீட்டிக் காட்டினார். நினைத்தாலே உடல் சிலிர்க்கிறது. தீர்ப்புச் சொல்ல மக்களிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட்ட ஜூரிகள் பன்னிருவரும் வெள்ளை ஆண்கள். குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு 67 நிமிடத்தில் விடுதலை! விடுதலையானவர்களே மறு ஆண்டு, தாங்கள் கொன்றதை ஒரு பத்திரிகையிடம் ஒப்புக்கொண்டார்கள். அப்போதும் தண்டிக்க வழியில்லை.

ஒரே குற்றத்துக்கு இருமுறை விசாரணை கூடாது என்ற விதி ஏன் இருக்கிறது என்று பிள்ளைகள் கேட்பார்கள். அதை எளிய தமிழில் விளக்க யாராவது உதவுங்கள். வெள்ளிக்கிழமை வகுப்பு.