பத்தனைக் கல்லூரியை ஸ்வீடன் கட்டியதா? யார் சொன்னது?

கொட்டகலைக்காரன்:
நேற்று ஒருவர் நீளமாக எழுதியிருக்கிறார். இலங்கையின் தேயிலைத் தோட்டப் பகுதியான மலையகத்தின் கல்வியே ஸ்வீடன் போட்ட பிச்சையாம், பத்தனை ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரியையும் அவர்கள்தான் கட்டினார்களாம். ஸ்ரீபாத ஜெர்மன் உதவியில் வந்தது. ஜெர்மனியின் ஜி.டி.இசட். நிறுவனம்தான் உதவியது. தெரியாவிட்டால் கேட்டுவிட்டு எழுத வேண்டும்.

ஊவா மகள்:
அப்படியென்றால் ஸ்வீடன் ஒன்றுமே செய்யவில்லையா அண்ணா? எண்பதுகளின் பிற்பாதியில் ஸ்வீடன் அரசின் உதவி நிறுவனமான சீடாவின் திட்டம் வந்த பிறகுதான் எங்கள் தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்கு ஒழுங்கான சுவர் வந்தது. அதற்கு முன் ஒரே கொட்டில், ஐந்து வகுப்புக்கும் ஒரே மாஸ்டர். அம்மா அதில்தான் படித்தார்.

கொட்டகலைக்காரன்:
தங்கச்சி, சீடாவை நான் எங்கே குறை சொன்னேன்? ஸ்ரீபாதவுக்கு உதவியது யார்? ஜெர்மன். அதை மட்டும் சொல்லுங்கள்.

கொழும்பு 13:
ஜெர்மனோ ஸ்வீடனோ, வெள்ளைக்காரன் தந்ததுதானே. இதில் சண்டை பிடிக்க என்ன இருக்கிறது?

மஸ்கெலியா மாஸ்டர்:
இருக்கிறது தம்பி. 1945இல் நாட்டுக்கே இலவசக் கல்வி என்றார்கள். தோட்டப் பள்ளிக்கூடங்களை அரசு முழுதாகப் பொறுப்பேற்க எழுபதுகள் வரை போய்விட்டது. அதுவரை எல்லாம் தோட்ட நிர்வாகிகளான துரைமார் கையில். அந்தக் காலத்தில் எந்த வெளிநாட்டுக்காரன் வந்தான்? அறுபதுகளில் ஹட்டன் ஹைலண்ட்ஸ் கல்லூரியில் இர. சிவலிங்கம் போன்ற ஆசிரியர்கள் தொழிலாளர் குடியிருப்பான லயத்துப் பிள்ளைகளைத் தலைநிமிர்ந்து பேச வைத்தார்கள். அதற்கு யாருடைய உதவிப் பணமும் தேவைப்படவில்லை. அதை எழுதுங்கள் முதலில்.

ஊவா மகள்:
மாஸ்டர், எப்போது பார்த்தாலும் ஹட்டன், ஹட்டன். பதுளை, பசறை, பண்டாரவளையும் மலையகம்தான். எங்கள் பக்கத்து ஆசிரியர்களின் பெயர் ஒருவர் வாயிலும் வராது.

கொட்டகலைக்காரன்:
ஊரைப் பிரித்துப் பேச இது நேரமில்லை. ஸ்ரீபாத எதற்கு வந்தது? தோட்டப் பாடசாலைகளுக்குத் தமிழ் ஆசிரியர்களை உருவாக்க. ஜெர்மன்காரர் அதற்காகத்தான் பணம் தந்தார்கள். அங்கே மலையகப் பிள்ளைகளுக்குரிய இடம் பறிபோகிறது என்று எத்தனை வருடமாகக் கத்துகிறோம்! ஆளை மாற்றி எழுதிவிட்டால் யார் தந்தது, எதற்காகத் தந்தது என்ற கேள்வியே செத்துப்போகும். அதனால்தான் விடமாட்டேன். ஜெர்மன், ஜெர்மன், ஜெர்மன்.

கொழும்பு 13:
சிங்களப் பிள்ளையும் முஸ்லிம் பிள்ளையும் அங்கே படித்தால் என்ன கெட்டுப்போய்விட்டது? ஒரே விடுதியில் இருந்து ஒன்றாகச் சாப்பிட்டால்தானே ஒருவரை ஒருவர் தெரியும். நாளைக்கு இதே ஆசிரியர்கள்தானே பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கப் போகிறார்கள்.

கொட்டகலைக்காரன்:
ஒன்றாகப் படிக்கட்டும், எனக்குச் சந்தோஷம். ஆனால் விட்டுக்கொடுப்பது எப்போதும் நாங்கள் மட்டும்தானா? கணிதம், விஞ்ஞானம் படிப்பிக்க ஆளில்லாமல் பிள்ளைகள் ஏ.எல். (உயர்தர) வகுப்பில் கலைப்பிரிவுக்கு ஒதுங்குகிறார்கள். கொழும்பில் உட்கார்ந்துகொண்டு விடுதி, சாப்பாடு என்று பேசுவது சுலபம். உங்களைப்போலப் போனவர்கள் திரும்பி வந்து ஒரு பாடமாவது நடத்தினீர்களா?

கொழும்பு 13:
சம்பளம் இல்லாமல் போனவனைப் பழிக்காதீர்கள். பதினாறு வயதில் கடையில் நிற்க வந்தவன் நான்.

ஊவா மகள்:
வாங்கியதைப் பற்றியே பேசுகிறீர்கள். நாம் கொடுக்க ஒன்றுமில்லையா? மன்மதன் கதையைத் தோட்டங்களில் ஆடும் காமன் கூத்து?

கொழும்பு 13:
அது தமிழ்நாட்டிலிருந்து வந்தது.

மஸ்கெலியா மாஸ்டர்:
வந்தது, சரி. காப்பாற்றியது யார்? மாசி அமாவாசை கழிந்து கம்பம் ஊன்றினால் காமனை எரிக்கும்வரை தப்புப் பறை ஓயாது. ரதி, மதன், தூதன், வீரபத்திரன், எமன் என்று எத்தனை வேடம்! எழுத்து தெரியாத பெரியவர்கள் பாட்டு முழுவதையும் மனப்பாடமாகப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார்கள். பகலெல்லாம் மலையில் வேலை, இரவில் கூத்துப் பழக்கம். அதுவும் பள்ளிக்கூடம்தான். பிற ஊர்க்காரர்கள் வந்து பார்த்துக் கற்க வேண்டியது அது.

கொட்டகலைக்காரன்:
கூத்துக்குத் தனியாக ஓர் இழை போடுங்கள் மாஸ்டர், நானும் வருகிறேன். இங்கே பேச்சு ஸ்ரீபாத பற்றி. கொழும்புக்காரர் மலையை மறந்தவர், அவருக்குத் தப்புச் சத்தம் கூட ஞாபகம் இருக்காது.

கொழும்பு 13:
வார்த்தையை அளந்து பேசுங்கள். என் அப்பா தப்படித்தவர். எங்கள் தோட்டத்தில் காமன் கூத்துக்கு இன்றும் வருடாவருடம் பணம் அனுப்புகிறேன். நீங்கள் கடைசியாக எந்தத் தோட்டத்தில் விடிய விடிய உட்கார்ந்து பார்த்தீர்கள்? அதற்குப் பதில் சொல்லிவிட்டு ஜெர்மனியைப் பற்றிப் பேசுங்கள்.